சில தளங்கள் மட்டும் இலவசம்: நாம் செய்யும் தப்புக் கணக்குகள்

“சும்மா குடுக்குறதை எதுக்கு வேண்டாங்கணும்?” பாம்பனிலோ தொண்டியிலோ இணையச் சமநிலை பற்றி, அதாவது எல்லாத் தளங்களையும் பாகுபாடில்லாமல் ஒரே மாதிரி நடத்துவது பற்றிப் பேச்செடுத்தால், சில தளங்களை மட்டும் இலவசமாகத் தரும் திட்டங்களைச் சொல்லி இப்படித்தான் கேட்பார்கள். டீசலுக்கும் ஐஸுக்கும் கணக்குப் பார்த்துக் கடலுக்குப் போகிறவர்கள் கேட்பதில் தப்பில்லை.

ஆனால் சில தளங்களையே முழு இணையம் என்று நினைப்பதுதான் பெரிய தவறு. 2015 பிப்ரவரியில் ஃபேஸ்புக், ரிலையன்ஸ் கம்யூனிகேஷன்ஸுடன் சேர்ந்து, குறிப்பிட்ட சில தளங்களை மட்டும் டேட்டா கட்டணமில்லாமல் தரும் இன்டர்நெட்.ஆர்க் திட்டத்தை இந்தியாவில் தொடங்கியது. முதலில் வந்த ஆறு மாநிலங்களில் தமிழ்நாடும் ஒன்று. அந்தச் செப்டம்பரிலேயே ஃப்ரீ பேசிக்ஸ் என்று பெயர் மாற்றினார்கள். பட்டியலில் முப்பதுக்கு மேல் தளங்கள், வானிலையும் உண்டு. சரி, ஊரில் எத்தனை டிகிரி வெயில் என்று தெரிந்து வல்லத்தில் (நாட்டுப்படகில்) கடலுக்குப் போகிறவர் என்ன செய்வார்? அவருக்குக் காற்றின் வேகம் வேண்டும், அலையின் உயரம் வேண்டும், மீன் கூடும் இடம் தெரிய வேண்டும். ஹைதராபாத்தில் இருக்கும் இன்காய்ஸ் என்ற மத்திய அரசின் கடல் தகவல் மையம் அதையெல்லாம் கணித்துத் தருகிறது. எது அவசியம் என்பதை அவர்தானே முடிவு செய்ய வேண்டும்?

அந்தத் திட்டம் இன்னும் இருப்பதாகவும், நாளைக்கே தங்கச்சிமடத்துப் பெண் ஒருத்தி நண்டு விலை சொல்லும் தளம் ஒன்றைத் தொடங்குவதாகவும் வையுங்கள். பட்டியலில் சேர ஃபேஸ்புக்கின் நிபந்தனைகளுக்கு அவள் உட்பட வேண்டும். வீடியோவுக்கு அங்கே இடமில்லை. சேராவிட்டால் பக்கத்துத் தளம் இலவசம், அவளுடையதற்கு மட்டும் காசு. யார் திறந்து பார்ப்பார்கள்?

அடுத்த தவறு, இலவச டேட்டாவையே அரசு தடுத்துவிட்டது என்பது. 2016 பிப்ரவரி 8 அன்று தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான ட்ராய் தடுத்தது, எதைப் பார்க்கிறோம் என்பதை வைத்துக் கட்டணத்தை மாற்றுவதைத்தான். மீறினால் நாளுக்கு 50,000 ரூபாய், அதிகபட்சம் 50 லட்சம் அபராதம். எந்தத் தளத்துக்கும் பயன்படும் டேட்டாவை இலவசமாகத் தந்தால் இந்த விதி குறுக்கே வராது.

ரீசார்ஜோடு வரும் ஓடிடி சந்தாவையும் இதோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். சந்தாதான் இலவசம், படம் பார்த்தால் டேட்டா கழியும்.

அப்புறம், பலர் கவனிக்காத ஒன்று: அவசரச் சேவைகளுக்கும் பேரிடர் நேரத்துக்கும் விதியிலேயே விலக்கு உண்டு. கட்டணத்தைக் குறைத்த நிறுவனம் ஏழு வேலை நாளுக்குள் ட்ராய்க்குத் தெரிவித்தால் போதும். புயல் கூண்டு ஏற்றும் நாளில் எச்சரிக்கைத் தளங்களைக் காசில்லாமல் திறந்துவிட எந்த நிறுவனத்துக்கும் தடையில்லை.