செட்டிநாட்ட வச்சு மாற்றுக் காலக்கோடு கதை எழுதுறீங்களா? இந்தத் தப்பெல்லாம் வேணாம்

இப்பல்லாம் நம்ம பசங்க நிறைய பேர் ஃபேன்டஸி எழுதுறாங்க. ஒரு சரித்திரத்துலேர்ந்து இன்னொரு சரித்திரத்துக்குக் கதவு தொறக்கும், ரெண்டு மூணு காலக்கோடு, அதாவது சரித்திரம் வேற வேற மாதிரி நடந்த காலங்க, ஒண்ணோட ஒண்ணு பின்னிக்கிட்டு ஓடும், களம் கானாடுகாத்தான் தேவகோட்டைப் பக்கம் ஒரு பெரிய வீடு. ரொம்ப சந்தோஷம். ஆனா எங்க ஊர்க்காரங்க படிச்சா சோத்துல கல்லு கடிபடுற மாதிரி சில எடம் இருக்கு.

பெரிய தப்பு, சரித்திரத்த மாத்திட்டு வீட்ட அப்படியே விட்டுர்றது. நம்மாளுங்க பர்மாவுக்குப் போகவே போகாத ஒரு காலம்னு வச்சுக்குவோம், 'கப்பலேறாக் காலம்'னு பேரும் வச்சுக்கலாம். நெசத்துல நடந்தது என்னன்னா, 1852 சண்டையில கீழ் பர்மா வெள்ளைக்காரன் கைக்குப் போச்சு, ஐராவதி டெல்டாவுல காட்ட அழிச்சு நெல்லு போட்டாங்க, 1869-ல சூயஸ் கால்வாய் தொறந்ததும் அரிசி ஏற்றுமதி எகிறுச்சு, வெவசாயிக்குக் கடன் தேவைப்பட்டுச்சு, குடுக்க நகரத்தார், அதான் எங்க செட்டியார்ங்க, போனாங்க, அந்தக் காசெல்லாம் இங்க வீடா நின்னுச்சு. அப்ப கப்பலேறாக் காலத்துல வளவுல, அதாவது வீட்டு நடு முற்றத்துல, பர்மா தேக்குத் தூண் எப்படிய்யா நிக்கும்? இத்தாலி மார்பிள் எங்கேர்ந்து வரும்? கவுனி அரிசி கூட கிடையாது, அது பர்மாலேர்ந்து வந்ததுன்னுதான் இங்க சொல்வாங்க. தூண் கல்லா, உள்ளூர் மரமான்னு முடிவு பண்ணுங்க, அந்த ஊர்ல காசு யாரு கையில இருக்குன்னு உங்களுக்கே தெரிஞ்சுரும்.

அதே மாதிரிதான் ஆத்தங்குடிக் கல்லு, எங்க வீட்டுத் தரையில பதிக்கிற பூப்போட்ட கலர் ஓடு. பாண்டியர் காலக்கோட்டு அரண்மனையில அத விரிச்சுராதீங்க. கண்ணாடித் தகடு மேல அச்ச வச்சு, கட்டம் கட்டமா கலர்க் கரைசல ஊத்தி, அச்சத் தூக்கிட்டு, மேல காஞ்ச சிமெண்ட் மணலத் தூவி, ஈரக் கலவைய வச்சு அமுக்கி, காயவிட்டுத் தண்ணித் தொட்டியில ஊறப்போடுறது அது, பளபளப்பு முழுக்க அந்தக் கண்ணாடி குடுக்குறது. போர்ட்லண்ட் சிமெண்டுக்கே பேட்டண்ட் 1824-லதான். மொளகாயும் 1498-க்கு அப்புறம் போர்ச்சுகீசியர் வழியா வந்த சரக்கு, அதுக்கு முந்தின காலம்னா மொளகு மட்டும் போட்டுச் சமைங்க.

பேரு விஷயத்துல நிறைய பேர் கோட்ட விடுறாங்க. எங்க பக்கம் மூத்த மகனுக்கு ஐயா பேரு, அதாவது அப்பச்சியோட (நாங்க அப்பாவ அப்படித்தான் கூப்பிடுவோம்) அப்பா பேரு வைக்கிறதுதான் வழக்கம், அதனால எந்தக் காலக்கோட்டுக்குப் போனாலும் அதே பேர்ல ஒருத்தர் முகப்புல உக்காந்திருப்பாரு, வாசகருக்குத் தல சுத்தும். இதுக்கு வழி வெளிய தேட வேணாம், விலாசம் இருக்கு. முன்னோர் பேரோட முதலெழுத்தெல்லாம் கோத்ததுதான் கடை விலாசம், ஒரு காலக்கோட்டுல ஐயா சின்ன வயசுலயே போயிட்டாருன்னா அந்த எழுத்து அங்க வராது, தம்பியோட எழுத்து வரும். ஒருத்தன் கதவத் தாண்டி வந்து பேரேட்ட, கடையோட கணக்குப் புத்தகத்த, பொரட்டுறான், அட்டையில எல்லாம் அதே கையெழுத்து, விலாசத்துல ஒரே ஒரு எழுத்து மட்டும் வேற. அவ்வளவுதான், நீங்க மூணு பக்கம் வெளக்கவே வேணாம்.

வருஷம் போடும்போதும் பாத்துப் போடுங்க. 'விஷு வருஷம் மாசி'ன்னு மட்டும் எழுதுனா எந்த விஷு? ரங்கூன் ஜப்பான்காரன் கையில விழுந்தது 1942 மார்ச், அது 1941 சித்திரையில பொறந்த விஷு வருஷம்தான், ஆனா அதே பேரு 1881-லயும் வந்துச்சு, 2001-லயும் வந்துச்சு. தெரியாமப் போட்டா கொழப்பம், தெரிஞ்சே போட்டா அறுபது வருஷத்துக்கு ஒரு கதவு உங்களுக்கு ஓசியில கெடைக்குது.

இன்னொண்ணு, கதவு வழியா என்ன போகலாம் என்ன போகக்கூடாதுன்னு முடிவு பண்ணாமயே எழுதுறது. வட்டிக்கடைக் கணக்குல வரவுன்னு ஒண்ணு இருந்தா எங்கயோ பற்று இருக்கணும், ஐந்தொகை, அதாவது ரெண்டு பக்கக் கூட்டுத்தொகை, நேராகணும். இந்தப் பக்கம் நூறு தேக்கு வந்தா அந்தப் பக்கம் காட்டுல நூறு மரம் கொறையணும்ல, யாராச்சும் தேடி வருவாங்கல்ல? ரங்கூன்ல எழுதுன உண்டியல, அதாவது இன்னொரு ஊர்ல காட்டிப் பணம் வாங்குற சீட்ட, ஒருத்தன் தேவகோட்டைக்குக் கொண்டு வர்றான், ஆனா இந்தக் காலக்கோட்டுல அந்தக் கடையே கிடையாது, பணம் யாரு குடுப்பா? இத வச்சே ஒரு நாவல் எழுதலாம், யாரும் எழுதக் காணோம், எல்லாரும் வாள் சண்டைக்குப் போயிர்றாங்க.

ஆம்பளைங்க கடலுக்கு அந்தப் பக்கம் இருந்தப்ப வீட்டையும் வரவு செலவையும் பாத்துக்கிட்டது ஆச்சிங்க, அதாவது வீட்டுப் பொம்பளைங்கதான், அவங்கள அடுப்படியில மட்டும் நிக்க வைக்காதீங்க.

அப்புறம் பொற்காலம்னு ஒரே பூச்சு பூசுறது எனக்குச் சுத்தமா ஆகாது. 1930 வாக்குல உலகம் பூரா மந்தம், நெல்லு வெல சரிஞ்சுச்சு, கடன் திரும்பல, அடமானம் வச்ச நெலமெல்லாம் கடன் குடுத்தவங்க கைக்கு வந்துச்சு, அந்தப் பத்து வருஷம் முடியுறதுக்குள்ள கீழ் பர்மாவோட முக்கியமான நெல் மாவட்டங்கள்ல கிட்டத்தட்ட கால்வாசி நெலம் செட்டியார்ங்க பேர்ல. அந்த வெவசாயிக்கு அது பொற்காலமா? உங்க கதவு ஒண்ணாவது பர்மாவுல பெகு பக்கத்து வயக்காட்டுல தொறக்கட்டும், அந்த ஆளுக்கும் ரெண்டு அத்தியாயம் குடுங்க, வில்லனாவும் வேணாம் பாவப்பட்டவனாவும் வேணாம், கடன் பத்திரத்தக் கையில வச்சுக்கிட்டுக் கேள்வி கேக்குற ஆளா வரட்டும்.