மின் பாய்லர் உங்கள் வீட்டுக்குச் சரிவருமா? முடிவெடுக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

மின் பாய்லர் வாங்க விசாரிக்கப் போனால் முதலில் காதில் விழுவது "100 சதவீதத் திறன்" என்ற பேச்சு. அது பொய்யில்லை. மீட்டரைக் கடந்து உள்ளே வரும் மின்சாரம் ஏறக்குறைய முழுவதும் தண்ணீரைச் சூடாக்குகிறது. அந்தத் தண்ணீர் அறைகளைச் சூடாக்கும் ரேடியேட்டருக்கோ தரைக்கடியில் ஓடும் குழாய்களுக்கோ போகிறது. புகைபோக்கியே இல்லாததால் அந்த வழியாக வெப்பம் வீணாவதும் இல்லை. ஆனால் இந்த 100 சதவீதத்தைக் கேட்டவுடனேயே "அப்படியானால் செலவு குறையும்" என்று முடிவுகட்டிவிடுகிறோம். பெரும்பாலான தவறுகள் இங்கேதான் தொடங்குகின்றன. ஒரு யூனிட் (ஒரு கிலோவாட்-மணி) வெப்பம் உங்களுக்கு என்ன விலையில் கிடைக்கிறது, குளிர்காலத்தில் உங்கள் வீட்டுக்கு எத்தனை யூனிட் வேண்டும் என்ற இரண்டு எண்களும் தெரியாமல் பாய்லரைப் பற்றிப் பேசிப் பயனில்லை.

முதல் எண்ணுக்கான கணக்கு எளிது. ஒரு வீட்டுக்கு ஆண்டுக்கு 10,000 யூனிட் வெப்பம் தேவை என்று வைத்துக்கொள்வோம். மின் பாய்லர் அதற்கு ஏறத்தாழ 10,000 யூனிட் மின்சாரம் எடுக்கும். 90 சதவீதத் திறனில் ஓடும் கேஸ் பாய்லர் சுமார் 11,100 யூனிட் கேஸ் எடுக்கும். வெளிக்காற்றில் உள்ள வெப்பத்தை இழுத்து உள்ளே தரும் ஹீட் பம்ப், ஒரு யூனிட் மின்சாரத்துக்குச் சராசரியாக மூன்று யூனிட் வெப்பம் தந்தால், சுமார் 3,300 யூனிட்டில் வேலையை முடித்துவிடும். இவற்றை உங்கள் பில்லில் உள்ள விலைகளால் பெருக்கிப் பாருங்கள். ஒரு யூனிட் மின்சாரம் ஒரு யூனிட் கேஸைப் போல மூன்று மடங்கு விலை என்றால், மின் பாய்லரின் செலவு கேஸ் பாய்லரைப் போல 2.7 மடங்கு. கேஸ் இணைப்பை முழுவதுமாக எடுத்துவிட்டால் அதற்கான நிலையான கட்டணம் மிச்சமாகும். அடுப்பு இன்னும் கேஸில் எரிந்தால் அந்த மிச்சமும் கிடையாது.

இதை ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், பாய்லரின் விலை ஒரு முறையோடு போய்விடும், பில் ஒவ்வொரு குளிர்காலமும் வரும். குழந்தைகளும் வயதானவர்களும் இருக்கும் வீட்டில், பில்லுக்குப் பயந்து ஹீட்டிங்கை அணைத்துவைக்கும் நிலை வரவே கூடாது.

இரண்டாவது எண்ணில் நடக்கும் தவறு இன்னும் பரவலானது. பழைய கேஸ் பாய்லரில் 24 கிலோவாட் என்று எழுதியிருக்கும். அதே அளவில் மின் பாய்லர் வேண்டும் என்று கேட்பார்கள். குழாயைத் திறந்தவுடன் வெந்நீர் தரும் கேஸ் பாய்லர்களில் அந்தப் பெரிய எண் குளியலறைக்காக வைத்தது. வீட்டைச் சூடாக்க அதில் கால் பங்கு கூடப் போதுமானதாக இருக்கலாம். 24 கிலோவாட் மின் பாய்லர் 230 வோல்ட் ஒற்றை ஃபேஸில் 104 ஆம்பியர் இழுக்கும். சாதாரண வீட்டு இணைப்பு அதைத் தாங்காது.

உண்மையான தேவையை உங்கள் மீட்டரே காட்டிவிடும். கடும் குளிர் அடித்த நாளில் கேஸ் மீட்டரை 24 மணி நேர இடைவெளியில் இரண்டு முறை பாருங்கள். 10 கன மீட்டர் செலவாகியிருந்தால், ஒரு கன மீட்டர் இயற்கை எரிவாயுவுக்குச் சுமார் 10.5 முதல் 11 யூனிட் வீதம், 105 யூனிட்டுக்கு மேல் வரும். பாய்லரில் போகும் 10 சதவீத இழப்பைக் கழித்தால் ஏறக்குறைய 96 யூனிட். 24 மணி நேரத்துக்கு வகுத்தால் சராசரியாக 4 கிலோவாட். இரவில் ஹீட்டிங்கை அணைத்துவிட்டுக் காலையில் வேகமாகச் சூடேற்றும் பழக்கம் இருந்தால் அதைவிடக் கூடுதல் திறன் தேவைப்படும். இது தோராயக் கணக்குதான். பாய்லர் பொருத்த வருபவர் சுவர், ஜன்னல், கூரை எல்லாவற்றையும் பார்த்து அறைவாரியாக வெப்ப இழப்பைக் கணக்கிட்டுத் தர வேண்டும். வீட்டின் பரப்பளவை மட்டும் கேட்டுவிட்டு ஒரு மாடலைச் சொல்பவரிடம் அவசரப்பட்டு முன்பணம் கொடுக்காதீர்கள்.

வெப்பக் காப்பு செய்யாத வீட்டில் பாய்லரை முதலில் மாற்றுவது வரிசையைத் தலைகீழாக்குவது. கூரைக்குக் காப்பு போட்டு, ஜன்னல், கதவு இடுக்குகளை அடைத்த பிறகு கணக்கிட்டால் 9 கிலோவாட் தேவை 6 ஆகக் குறையக்கூடும். பாய்லரும் சிறியது, பில்லும் சிறியது, கேபிளும் சிறியது.

கேபிள் என்றதும் நினைவுக்கு வருவது மெயின் ஃபியூஸ். பலர் எலக்ட்ரீஷியனைக் கடைசியில் கூப்பிடுகிறார்கள். அவர்தான் முதலில் வர வேண்டும். 9 கிலோவாட் பாய்லர் 39 ஆம்பியர் எடுக்கும். 9 கிலோவாட் மின் ஷவர் இன்னொரு 39. காரை 7 கிலோவாட்டில் சார்ஜ் செய்தால் மேலும் 30. மூன்றும் ஒரே நேரத்தில் ஓடினால் மின் அடுப்பு, ஓவன் சேர்வதற்கு முன்பே 100 ஆம்பியரைத் தாண்டிவிடும். மெயின் ஃபியூஸ் 60 அல்லது 80 ஆம்பியர் என்றால் நிலைமை இன்னும் இறுக்கம். மூன்று ஃபேஸ் இணைப்பு உள்ள வீடுகளுக்கு இந்தத் தலைவலி குறைவு. 12 கிலோவாட் கூட ஒரு ஃபேஸுக்கு 17 ஆம்பியரில் அடங்கிவிடும். இணைப்பை உயர்த்த மின் வழங்கல் நிறுவனத்தின் அனுமதி வேண்டும், செலவும் காத்திருப்பும் இருக்கும். பாய்லர் வந்து இறங்கிய பிறகு இதைத் தெரிந்துகொள்ளக் கூடாது.

வெந்நீரைத் தனியாக யோசிக்காமல் விடுவது அடுத்த தவறு. நிமிடத்துக்கு 10 லிட்டர் தண்ணீரை 35 டிகிரி உயர்த்த 24 கிலோவாட் வேண்டும். 12 கிலோவாட் மின் பாய்லரில் அதே சூட்டில் நிமிடத்துக்கு 5 லிட்டர்தான் வரும். குளிர்காலத்தில் குழாய்த் தண்ணீர் 5 டிகிரியில் வரும்போது இது நன்றாகவே தெரியும். ஒருவர் வசிக்கும் சின்ன ஃபிளாட்டுக்கு இது போதலாம். குடும்பம் என்றால் வெந்நீர்த் தொட்டி வேண்டும். 150 லிட்டரை 45 டிகிரி உயர்த்த ஏறக்குறைய 8 யூனிட் ஆகும். 3 கிலோவாட் ஹீட்டரில் இரண்டரை மணி நேரத்துக்குச் சற்று மேல். நுரையீரல் தொற்றை உண்டாக்கும் லீஜியோனெல்லா பாக்டீரியா பெருகாமல் இருக்கத் தொட்டியை 60 டிகிரியில் வைப்பது வழக்கம். அதைக் குறைத்து மிச்சம் பிடிக்க வேண்டாம். அந்தத் தொட்டிக்கு வீட்டில் இடம் இருக்கிறதா என்பதையும் இப்போதே பார்த்துவிடுங்கள்.

"இரவில் மின்சாரம் மலிவு, அப்போது ஓட்டிக்கொள்ளலாம்" என்பார்கள். வெந்நீர்த் தொட்டிக்கு அது சரி. அறைகளைச் சூடாக்கும் பாய்லர் வெப்பத்தைச் சேர்த்து வைப்பதில்லை. குளிரும்போது ஓடினால்தான் உண்டு. 200 லிட்டர் தொட்டியை 40 டிகிரி கூடுதலாகச் சூடேற்றினாலும் 9 யூனிட் சொச்சம்தான் சேரும். கடும் குளிர் நாளில் 60, 80 யூனிட் கேட்கும் வீட்டுக்கு அது எந்த மூலைக்கு? சோலார் பேனலும் அப்படித்தான். வெப்பம் அதிகம் தேவைப்படும் மாதங்களில்தான் அதன் உற்பத்தி மிகக் குறைவு.

வீட்டில் ரேடியேட்டரும் குழாயும் ஏற்கெனவே இல்லையென்றால், மின் பாய்லருக்காக அவற்றைப் புதிதாகப் போடுவது அரிதாகவே நியாயமாகும். சுவரில் மாட்டும் மின் ஹீட்டர்களும் ஒரு யூனிட்டுக்கு ஒரு யூனிட் வெப்பம்தான் தருகின்றன, குழாய் வேலை இல்லாமல்.

அப்படியானால் இது யாருக்குத்தான் பொருந்தும்? நல்ல வெப்பக் காப்புள்ள சின்ன வீடு அல்லது ஃபிளாட், ரேடியேட்டர்கள் தயாராக உள்ளன, கேஸ் இணைப்பு இல்லை அல்லது எடுத்துவிட வேண்டும், ஹீட் பம்பின் வெளி யூனிட்டை வைக்க இடமோ அனுமதியோ இல்லை. இந்த வீட்டுக்கு நான் தயங்காமல் மின் பாய்லரைச் சொல்வேன். ஆண்டில் சில வாரங்களே தங்கும் வீட்டுக்கும் சொல்வேன். அங்கே பொருத்தும் செலவு குறைவு என்பதே பெரிய லாபம். எரிப்பு இல்லாததால் கார்பன் மோனாக்சைடு பயமும் அந்தப் பாய்லரால் வராது. வெளிச்சுவர் ஓரமாகத்தான் வைக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை.

பழைய ரேடியேட்டர்களோடு இணைக்கிறீர்கள் என்றால், உள்ளே படிந்த கறுப்புச் சேற்றைக் கழுவி எடுத்து, துரு தடுக்கும் திரவம் சேர்த்து, காந்த வடிகட்டி பொருத்தச் சொல்லுங்கள். "பராமரிப்பே வேண்டாம்" என்ற பேச்சை நம்பாதீர்கள். தண்ணீரின் அழுத்தம், பாதுகாப்பு வால்வு, மின் இணைப்புகளின் இறுக்கம் ஆகியவற்றை ஆண்டுக்கு ஒருமுறையாவது தகுதியுள்ளவர் பார்க்க வேண்டும். கடின நீர் வரும் இடமென்றால் வெந்நீர்த் தொட்டியின் ஹீட்டரில் சுண்ணாம்பு படிகிறதா என்பதையும் பார்க்கச் சொல்லுங்கள்.