உறைபனிக் காலையில் படம்பிடிக்கலாம்: கேமரா வியர்க்காமல் காப்பது எப்படி?

ஜனவரியில் ஊட்டிப் பக்கம் மலை விவசாயிகளைப் பற்றி ஆவணப்படம் எடுக்கப் போயிருந்தேன். உறைபனியில் தேயிலை கருகாமல் இருக்க முந்தின சாயங்காலமே செடிகளைத் தாகை என்ற செடியின் தழையால் மூடுகிறார்கள்; விடிந்ததும் ஸ்பிரிங்ளரைத் திறந்து பனியைக் கரைக்கிறார்கள். வெயில் ஏறிவிட்டால் புல்வெளியின் வெண்மையும் போய்விடும். கையில் இருப்பது ஒரு மணி நேரம்தான்.

1. பேட்டரி. குளிரில் பேட்டரி சீக்கிரம் இறங்கிவிடும். உதிரி பேட்டரிகளை ஸ்வெட்டருக்குள், சட்டைப் பையில் வையுங்கள். தீர்ந்ததாகக் காட்டுவதையும் உடம்புச் சூட்டில் வைத்துப் பாருங்கள், இன்னும் கொஞ்ச நேரம் ஓடும். சில்லென்று இருக்கும்போது மட்டும் சார்ஜ் போட வேண்டாம்.

2. செட்டிங். ஒயிட் பேலன்ஸை (நிறச் சமநிலை) ஆட்டோவில் விடாதீர்கள், 5600 கெல்வினில் நிறுத்துங்கள். விடியலின் நீலம் அப்படியே கிடைக்கும். வெண்பனியைக் கேமரா சாம்பலாக்கிவிடும், எக்ஸ்போஷரை (கேமரா ஏற்கும் வெளிச்சத்தை) ஒரு ஸ்டாப் வரை, அதாவது இரு மடங்கு வரை ஏற்றுங்கள்.

3. ஒலி. உறைபனி விழுவது பெரும்பாலும் காற்றில்லாத, மேகமில்லாத இரவுகளில். அதனால் அந்தக் காலையில் புல் நொறுங்கும் சத்தம்கூடத் துல்லியமாகப் பதிவாகும். புது லென்ஸுக்குச் சேர்க்கும் பணத்தில் முதலில் நல்ல ரெக்கார்டர் வாங்குங்கள் என்பேன்.

4. உள்ளே வரும்போது. நான் மாட்டிக்கொண்டது இங்கேதான். முதல் நாள் படம்பிடித்த கையோடு, கேமராவைக் கழுத்தில் மாட்டியபடியே டீக்கடைக்குள் நுழைந்தேன். பாய்லர் ஆவி, பத்துப் பேர் மூச்சு. குளிர்ந்த தண்ணீர் ஊற்றிய சொம்பு போல லென்ஸ் வியர்த்துவிட்டது. துடைத்தேன், மறுபடியும் வியர்த்தது. உள்பக்கம் பார்க்கலாமென்று லென்ஸைக் கழற்றியது பெரிய தவறு: ஈரக்காற்று புகுந்து சென்சாரும் மங்கிவிட்டது. அந்த நேரத்தில் ஒரு பாட்டி விறகுச் சுமையோடு புல்வெளியைக் கடந்து போனார். அந்தக் காட்சி எனக்குக் கிடைக்கவே இல்லை.

மறுநாள் முதல் இப்படிச் செய்தேன். வெளியே நிற்கும்போதே மெமரி கார்டையும் பேட்டரியையும் எடுத்துவிடுவேன். கேமராவை ஜிப் கவரில் போட்டு, காற்றைப் பிதுக்கி மூடியபிறகே உள்ளே வருவேன். ஈரம் கவரின் வெளிப்புறத்தில் படியும், கேமராவைத் தொடாது. அறையின் சூட்டுக்குக் கேமரா வர ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகலாம், அதுவரை கவரைத் திறக்கக் கூடாது. கார்டு கையில் இருப்பதால் அதற்குள் காட்சிகளை லேப்டாப்பில் ஏற்றிவிடலாம். கவருக்குள் ஈரத்தை உறிஞ்சும் சிலிக்கா ஜெல் பொட்டலம் இரண்டு போடுவது நல்லது. அரிசி வேண்டாம், அதன் மாவுத் தூசு லென்ஸுக்கு ஆகாது.

பிற்சேர்க்கை: மலையே ஏறாமல், ஏசி காரிலிருந்து மேட்டுப்பாளையத்தில் இறங்கியதும் லென்ஸ் மங்கியதாக ஒருவர் எழுதியிருந்தார். காரணம் அதேதான். இறங்குவதற்கு அரை மணி நேரம் முன்பே ஏசியை நிறுத்திக் கண்ணாடியை இறக்கிவிடுங்கள். கேமராப் பை மூடியே இருக்கட்டும்.