பெத்தோசிரிஸின் கல்லறையை வாசிப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

நடு எகிப்தில், நைல் நதிக்கு மேற்கே துனா எல்-கெபெல் என்ற பாலைநில இடுகாட்டில், ஒரு சிறு கோயிலைப் போன்ற தோற்றத்துடன் நிற்கிறது பெத்தோசிரிஸின் கல்லறை. கி.மு. நான்காம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஹெர்மோபோலிஸ் நகரத்துத் தோத் தெய்வத்தின் தலைமைக் குருவாக விளங்கியவர் இவர். 1919இல் கண்டறியப்பட்ட இந்தக் கல்லறையை பிரெஞ்சு எகிப்தியலாளர் குஸ்தாவ் லெபெவ்ர் ஆராய்ந்து பதிப்பித்தார்.

முதல் தவறு பெயரிலேயே நேர்கிறது. ‘ஒசிரிஸ் தெய்வத்தால் தரப்பட்டவர்’ என்ற பொருளுடைய இப்பெயர் எகிப்தில் மிகச் சாதாரணமாக வழங்கியது. தாக்லா பாலைவனச் சோலையில், விதானத்தில் ராசிச் சக்கரம் தீட்டப்பட்ட கல்லறைக்கு உரியவர் உரோமர் காலத்து வேறொரு பெத்தோசிரிஸ்; கிரேக்கச் சோதிட நூல்கள் மேற்கோள் காட்டும் பெத்தோசிரிஸையும் நம் குருவோடு ஒன்றாக்கிவிட ஆதாரமில்லை.

‘பூசாரி’ என்று மொழிபெயர்ப்பது அடுத்த தவறு. தீபம் காட்டுபவர் என்ற படிமத்தை அச்சொல் நம் மனத்தில் எழுப்பிவிடுகிறது. இவரோ, அந்நிய மன்னன் எகிப்தை ஆண்டபோது, எதுவும் தன் பழைய இடத்தில் இல்லாத நிலையில், ஏழு ஆண்டுகள் தோத் கோயிலின் சொத்துகளை நிருவகித்ததாகவும், பாழ்பட்டவற்றைச் சீரமைத்ததாகவும் தம் கல்வெட்டில் கூறிக்கொள்கிறார். அந்த மன்னனின் பெயரைக் கல்வெட்டு சொல்வதில்லை. பாரசீகர் எகிப்தை இரண்டாம் முறை ஆண்ட காலத்தைக் குறிப்பதாகவே பலரும் கொள்கிறார்கள் என்றாலும், அதைக் கல்வெட்டே சொன்னதுபோல் எழுதிவிடக் கூடாது. மேலும், கல்லறைக்கு வருவோரை விளித்து, தமக்காக வேண்டுதல் சொல்லுமாறு கேட்கும் ஒருவர், தம் குறைகளைப் பட்டியலிடுவார் என்று எதிர்பார்ப்பதற்கில்லை; அந்தக் கல்வெட்டு நற்சான்றேயன்றி நாட்குறிப்பன்று.

மிகப் பரவலான தவறு, முன்மண்டபத்தின் சிற்பங்களைப் பார்த்ததும் ‘இவர் கிரேக்கமயமானவர்’ என்று முடிவுகட்டுவது. திராட்சையை மிதித்துச் சாறு பிழிபவர்களும் உலோகக் கலங்கள் செய்பவர்களும் அங்கே கிரேக்கப் பாணியிலான ஆடைகளுடன் காட்சி தருகிறார்கள் என்பது உண்மையே. ஆனால் அவற்றுடன் உள்ள எழுத்துகள் எகிப்தியச் சித்திர எழுத்துகள். ஓர் அடி உள்ளே எடுத்து வைத்தால், வழிபாட்டு அறையில் ஈமச்சடங்கும் தெய்வங்களும் பழைய எகிப்திய மரபிலேயே செதுக்கப்பட்டிருக்கின்றன. அன்றாட உழைப்புக்குப் புதிய பாணியையும் மறுமைக்குப் பழைய பாணியையும் வேண்டுமென்றே தேர்ந்திருக்கிறார்கள் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

இதைத் தனியொருவரின் நினைவிடமாக எழுதுவதும் பிழை. உள்ளறையில் தந்தை சிஷுவுக்கும் அண்ணனுக்குமே பெரும் இடம் ஒதுக்கப்பட்டிருக்கிறது. இளமையிலேயே இறந்த மகன் தோத்ரெக்கின் குரலும் இந்தக் கல்லறையில் ஒலிக்கிறது: தன் வயது முடியும் முன்பே, குற்றமறியாப் பிள்ளையாகப் பறித்துச் செல்லப்பட்டதாக அவன் முறையிடுகிறான். தலைமைக் குருவின் பட்டங்களை மட்டும் எண்ணிக்கொண்டு வெளியேறுபவர்கள் அந்தச் சுவரைக் கவனிப்பதேயில்லை.