காவல் பணியில் பதவி உயர்வு தாமதமானால்: வேலூர்க் காவலர்களுக்கு ஒரு வழிகாட்டல்

பிரிக்கப்படாத வேலூர் மாவட்டத்தில் இரண்டாம் நிலைக் காவலராகச் சேர்ந்து, 2019 நவம்பரில் ராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் தனி மாவட்டங்களான பின் அவற்றுள் ஒன்றில் பணிபுரியும் ஒருவர், தமக்கு இளையவர் முந்திக்கொண்டு பதவி உயர்வு பெற்றதை அறிந்தால், வழக்கறிஞரைப் பார்ப்பதற்கு முன் காகிதங்களைச் சேர்க்க வேண்டும். பணிப்பதிவேட்டின் நகல், பணிமூப்புப் பட்டியல், இளையவரின் பதவி உயர்வு ஆணை, தம்மீது தண்டனை இருப்பின் அதன் ஆணை ஆகியவை அவசியம். கிடைக்காதவற்றைப் பத்து ரூபாய்க் கட்டணத்துடன் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் கேட்கலாம். பதிலுக்கு 30 நாள் அவகாசம். ஆவணம் வேறு மாவட்ட அலுவலகத்துக்குச் சென்றிருந்தால், மனுவை 5 நாட்களுக்குள் அங்கு மாற்றி அனுப்புவது பெற்றவரின் கடமை. "எனக்கு ஏன் தரவில்லை" என்று கேட்டால் பயனில்லை, அச்சட்டம் ஆவணத்தைத் தருமேயன்றி விளக்கத்தைத் தராது.

அடுத்து, தாமதத்தின் காரணத்தைப் பிரித்தறிய வேண்டும். பணிமூப்புப் பிழை என்றால் பட்டியலின் வரிசை எண்ணே சான்று. தண்டனை என்றால், பேனலுக்கு, அதாவது பதவி உயர்வுக்குத் தகுதியானவர்களின் பட்டியலுக்கு, தகுதி கணக்கிடப்பட்ட நாளில் அது நடைமுறையில் இருந்ததா என்று பார்க்க வேண்டும். நிலுவை நடவடிக்கை என்றால், 1991ஆம் ஆண்டின் ஜானகிராமன் வழக்கை நினைவிற்கொள்ளலாம்: துறை நடவடிக்கையில் குற்றச்சாட்டுகளைத் தெரிவிக்கும் குற்றக் குறிப்பாணை வழங்கப்பட்ட பின்னரோ, குற்றவியல் வழக்கில் குற்றப்பத்திரிகை தாக்கலான பின்னரோதான் மூடிய உறை முறையை (நடவடிக்கை முடியும்வரை பதவி உயர்வு முடிவை உறையிலிட்டு மூடி வைப்பதை) கையாள முடியும் என்றும், பூர்வாங்க விசாரணை மட்டும் நடப்பது அதற்குப் போதாது என்றும் உச்ச நீதிமன்றம் கூறியது.

இதன்பின், காவலரைப் பொறுத்தவரை நியமன அதிகாரியான காவல் கண்காணிப்பாளருக்கு, உரிய வழியாகக் கோரிக்கை மனு கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கான ஒப்புதலை வாங்கி வைக்க வேண்டும். மனுவில் இளையவரின் பெயர், அவருக்கான ஆணையின் எண், நாள் ஆகியவை இடம்பெற வேண்டும். பொதுவாக "அநீதி" என்று எழுதினால் பொதுவான பதிலே வரும்.

வழக்குகள் பெரும்பாலும் தோற்பது காலத்தில்தான் என்பது என் எண்ணம். தமிழ்நாட்டிலிருந்து சென்ற சதாசிவசுவாமி வழக்கில், இளையவரின் பதவி உயர்வால் பாதிக்கப்பட்டவர் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் நீதிமன்றத்தை அணுக வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1974இல் கூறியது. மனுமேல் மனு அனுப்பிக்கொண்டிருந்தால் கெடு நீண்டுகொண்டே போகும் என்று நம்புவோர் இன்றும் பலர். பழைய கோரிக்கைக்கு அதிகாரி பதிலளித்துவிட்டதாலேயே அதற்குப் புத்துயிர் வந்துவிடாது என்பதும் 2008இல் ஜேக்கப் வழக்கில் தீர்ந்துவிட்ட விஷயம். ஓய்வுக்கு ஓராண்டு இருக்கையில் 15 ஆண்டுக்கு முந்தைய பேனலைக் கிளறுபவர் இதை முதலில் படிக்க வேண்டும்.

அரசு ஊழியரின் பணி வழக்குகளை விசாரித்த மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் 2006இல் கலைக்கப்பட்டுவிட்டது. வேலூரின் சத்துவாச்சாரி நீதிமன்ற வளாகத்தில் இவ்வழக்குக்கு வழியில்லை. காட்பாடியில் ரயிலேறிச் சென்னை சென்று, உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்கீழ் ரிட் மனு தாக்கல் செய்ய வேண்டும். கோரிக்கை மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுமாறு மட்டும் கேட்டால் ஆணை விரைவில் கிடைக்கலாம், ஆனால் பரிசீலித்து நிராகரித்துவிட்டால் மீண்டும் ஒரு வழக்கு வேண்டும். நிராகரிப்பு ஆணை ஏற்கெனவே கையில் இருந்தால், அதையே ரத்து செய்யக் கோருவது நேரான வழி. பணிமூப்பு மாறுவதால் இடம் இழக்கக்கூடிய இளையவர்களை எதிர்மனுதாரர்களாகச் சேர்க்காமல் விட்டால், அந்த ஒரு குறையே மனுவைத் தள்ளுபடி செய்யப் போதும்.

கோரிக்கையில் பதவி உயர்வு நாளை முன்தேதியிடுவதோடு ஊதிய நிலுவையையும் தனியே எழுத வேண்டும். நீதிமன்றம் சில வேளைகளில் பணப்பயனின்றிக் கருத்தியல் பதவி உயர்வு மட்டும் வழங்கும். தனி நீதிபதியின் தீர்ப்பு பாதகமானால் ரிட் மேல்முறையீட்டுக்கு 30 நாள் கெடு. சாதகமான ஆணையைத் துறை நிறைவேற்றாவிட்டால், அவமதிப்பு மனுவை ஓராண்டுக்குள் தாக்கல் செய்துவிட வேண்டும்.