ஜிஸ்ட்ரீமர் லைப்ரரிகள்: எந்தக் கோப்பு எங்கே, எது இல்லாவிட்டால் எந்தப் பிழை

ஒலி, வீடியோ கோப்புகளைக் கையாளும் மென்பொருளான ஜிஸ்ட்ரீமரில் மல்டிமீடியா பைப்லைன் எழுதத் தொடங்குகிறவர்கள் முதல் வாரமே இரண்டு பிழைகளில் முட்டிக்கொள்வார்கள். ஒன்று ‘கேனாட் ஓப்பன் ஷேர்டு ஆப்ஜெக்ட் ஃபைல்’ (லைப்ரரிக் கோப்பு கிடைக்கவில்லை), இன்னொன்று ‘நோ எலிமென்ட்’ (பைப்லைனின் ஒரு துண்டைத் தரும் பிளகின் கிடைக்கவில்லை). இரண்டுக்குமே எல்லாவற்றையும் அழித்துவிட்டு மறுபடி இன்ஸ்டால் செய்வதுதான் வழக்கம். நோய் வேறு, மருந்தும் வேறு. உபுண்டு 22.04-ஐ வைத்துப் பார்ப்போம். கட்டளைகளை இங்கே ஒலிப்பில் தருகிறோம், டெர்மினலில் ஆங்கிலச் சின்ன எழுத்தில் அடியுங்கள்.

முதலில் உபுண்டுவின் நிறுவல் கருவியான ஆப்ட் மூலம் ஜிஸ்ட்ரீமர்1.0-டூல்ஸ், லிப்ஜிஸ்ட்ரீமர்1.0-டெவ், ஜிஸ்ட்ரீமர்1.0-லிப்ஏவி மூன்றையும், கூடவே பேஸ், குட் பிளகின் தொகுப்புகளையும் போட்டுக்கொள்ளுங்கள்.

அடுத்து, யூஎஸ்ஆர் / லிப் / எக்ஸ்86_64-லினக்ஸ்-க்னூ கோப்புறைக்குப் போய் ‘எல்எஸ் -எல்’ அடித்தால் ஒரே லைப்ரரி மூன்று பெயரில் நிற்கும்:

லிப்ஜிஸ்ட்ரீமர்-1.0.எஸ்ஓ
லிப்ஜிஸ்ட்ரீமர்-1.0.எஸ்ஓ.0
லிப்ஜிஸ்ட்ரீமர்-1.0.எஸ்ஓ.0.2003.0

கடைசியில் இருப்பதுதான் நிஜக் கோப்பு. 2003 என்பது ஆண்டு அல்ல, 1.20.3 பதிப்பு. மற்ற இரண்டும் அதைக் காட்டும் சிம்லிங்க், அதாவது வழிகாட்டிப் பெயர்கள். நிரல் ஓடும்போது தேடுவது நடுப்பெயரை. கம்பைல் செய்யும்போது லிங்கர் தேடுவது முதல் பெயரை, அது டெவ் தொகுப்பில் மட்டும் வரும். எழுதி வைத்த நிரல் ஓடுகிறது, புதிதாகக் கம்பைல் ஆகவில்லை என்றால் டெவ் தொகுப்பு இல்லை என்று பொருள்.

பிளகின்கள் வேறு ஜாதி. அவை அதே இடத்தில் ஜிஸ்ட்ரீமர்-1.0 என்ற உள்கோப்புறையில் இருக்கும். நிரலோடு லிங்க் ஆவதில்லை, தேவைப்படும் நேரத்தில்தான் ஏற்றப்படும். அதனால் உங்கள் நிரலின் மேல், லிங்க் ஆன லைப்ரரிகளைப் பட்டியலிடும் ‘எல்டிடி’ ஓட்டினால் பிளகின் எதுவும் தெரியாது. தெரியவில்லையே என்று பதற வேண்டாம்.

சோதிக்க, வேலூர் கோட்டை அகழியைச் செல்போனில் எடுத்த ஒரு வீடியோ போதும்:

ஜிஎஸ்டி-லாஞ்ச்-1.0 பிளேபின் யூஆர்ஐ=ஃபைல்:///ஹோம்/உங்கள்பெயர்/கோட்டை.எம்பி4

சாய்கோடு மூன்று. இரண்டு போட்டால் திறக்காது. செல்போன் வீடியோ பெரும்பாலும் எச்.264 என்ற சுருக்க முறையில் இருக்கும், அதை விரித்துப் படமாக்குவது லிப்ஏவி பிளகின்.

இங்கேதான் வழக்கமான சிக்கல். நெட் இல்லாத லேப் கணினிக்காக ஒருவர் லிப்ஜிஎஸ்டிலிப்ஏவி.எஸ்ஓ கோப்பை மட்டும் 22.04-லிருந்து பென்டிரைவில் எடுத்து 24.04-இல் போடுகிறார். கோப்பு கண்முன்னே இருக்கிறது, ஆனாலும் எலிமென்ட் இல்லை. அந்தக் கோப்பின் மேல் ‘எல்டிடி’ ஓட்டினால் காரணம் தெரியும்:

லிப்ஏவிகோடெக்.எஸ்ஓ.58 => நாட் ஃபவுண்ட்

24.04-இல் இருப்பது 60. முதல் ஓட்டத்தில் ஒரு எச்சரிக்கை வரும், பிறகு அந்தப் பிளகினைக் கறுப்புப் பட்டியலில் போட்டுவிட்டு ஜிஸ்ட்ரீமர் வாயே திறக்காது. ‘ஜிஎஸ்டி-இன்ஸ்பெக்ட்-1.0 -பி’ அடித்தால் பட்டியல் வரும் (‘பி’ என்பது ‘பிளாக்லிஸ்ட்’டின் b). 60-க்கு 58 என்ற பெயரில் லிங்க் போடுவது சிலர் சொல்லும் வைத்தியம். செய்யாதீர்கள், பதிப்பு பொருந்தவில்லை என்று பிளகின் ஏறவே ஏறாது. அந்தந்தப் பதிப்புக்கான டெப் தொகுப்பை (உபுண்டுவின் நிறுவல் கோப்பு) சார்புகளோடு கொண்டு வாருங்கள். பிறகும் வராவிட்டால் ஹோமில் .கேஷ் / ஜிஸ்ட்ரீமர்-1.0-க்குள், பிளகின் பட்டியலைச் சேமித்து வைத்திருக்கும் ரெஜிஸ்ட்ரி.எக்ஸ்86_64.பின் கோப்பை அழியுங்கள், அடுத்த ஓட்டத்தில் தானே புதிதாக உருவாகும்.

இன்னொன்று, ஜிஸ்ட்ரீமரையே சோர்ஸிலிருந்து மீசான் என்ற பில்ட் கருவி கொண்டு பில்ட் செய்தவர்களுக்கு. அது யூஎஸ்ஆர் / லோக்கல் கீழே போய் உட்காரும், உபுண்டு அதைத்தான் முதலில் எடுக்கும். ‘வேலூர்’ என்ற பெயரை மட்டும் பார்த்துக் காட்பாடி ரயில் நிலையத்துக்குப் பதில் வேலூர் கன்டோன்மென்ட் நிலையத்தில் போய் நிற்கிற கதைதான். அந்தப் புதிய லைப்ரரி இயல்பாகத் தன் பக்கத்துக் கோப்புறையில்தான் பிளகின் தேடும், ஆப்டின் கோப்புறையில் தேடாது. ஆப்டில் போட்டதெல்லாம் ஒரே நாளில் காணாமல் போனதுபோல் இருக்கும். எது ஏறுகிறது என்று பார்க்க:

எல்டிடி $(விச் ஜிஎஸ்டி-லாஞ்ச்-1.0)

வெளியீட்டில் லோக்கல் என்று இருந்தால் பில்ட் கோப்புறையில் ‘சூடோ நின்ஜா அன்இன்ஸ்டால்’, பிறகு ‘சூடோ எல்டிகான்ஃபிக்’, கடைசியாக ‘ஹாஷ் -ஆர்’. கடைசியை விட்டால் பாஷ் பழைய பாதையையே நினைவில் வைத்துக்கொண்டு ‘நோ சச் ஃபைல்’ என்று அடம் பிடிக்கும்.