பட்டா நிலத்தில் அரசுச் சாலை: நீதிமன்றத்தில் உரிமையை நிலைநாட்டும் முறை

வயலுக்குப் போகும்போது வரப்பு இருந்த இடத்தில் ஜல்லி கொட்டியிருப்பதைக் காண்பவர்கள் ஊராட்சித் தலைவரிடமும் ஒப்பந்ததாரரிடமும் முறையிடுவதிலேயே பல வாரங்களைக் கழித்துவிடுகிறார்கள். அதற்குள் எல்லைக் கல் மண்ணோடு மண்ணாகிவிடும். ஆகவே பொக்லைன் வந்த அன்றே, கல் நிற்கும் இடமும் சுற்றியுள்ள மரம், கிணறு போன்ற அடையாளங்களும் தெரியும்படி தேதியுடன் படம் எடுத்து வையுங்கள். கல் போய்விட்டால் பக்கத்துப் புலங்களின் கற்களிலிருந்து மீண்டும் அளந்து வர வேண்டியிருக்கும்.

அடுத்தது ஆவணங்கள். பட்டா கையில் இருந்தால் போதும் என்று பலர் நம்புகிறார்கள். ஆனால் பட்டா வருவாய்த் துறைப் பதிவு மட்டுமே, அதுவே உரிமை மூலம் ஆகாது என்பதை நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. மூலப் பத்திரம், வில்லங்கச் சான்று, அ-பதிவேட்டு நகல் (கிராமத்தின் நில வகை, உரிமையாளர் விவரப் பதிவேடு), புலப்பட நகல் (நில எல்லை, அளவுகளைக் காட்டும் வரைபடம்) ஆகியவற்றோடு பழைய செட்டில்மென்ட் பதிவேட்டின் (முந்தைய நிலவரித் திட்டப் பதிவேடு) நகலையும் கேட்டு வாங்குங்கள். 1979-இல் தொடங்கிய யு.டி.ஆர். நில உடைமைப் பதிவு மேம்பாட்டுப் பணியின்போது தனியார் உட்பிரிவு தவறுதலாகப் புறம்போக்கு என்று ஏறியிருந்தால், அதைக் காட்டிக்கொடுப்பது அந்தப் பழைய பதிவேடுதான்.

எந்த நீதிமன்றம் என்பதை அரசின் பதிலே தீர்மானிக்கிறது. நிலம் உங்களுடையது என்பதை மறுக்காமல், கையகப்படுத்தாமலேயே சாலை போட்டிருந்தால், அரசியலமைப்பின் 300ஏ பிரிவு தரும் சொத்துரிமையை முன்வைத்து உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை (ரிட்) மனு தாக்கல் செய்யலாம். அது புறம்போக்கு என்று அரசு சொன்னால், நிலம் உங்களுடையதே என்று நீதிமன்றம் அறிவிக்கக் கோரும் (விளம்புகை) உரிமையியல் (சிவில்) வழக்கே வழி. அத்துடன் நிரந்தரத் தடையும், நிலம் கைவிட்டுப் போயிருந்தால் சுவாதீன மீட்பும் (நிலத்தைத் திரும்ப ஒப்படைக்கும் உத்தரவு) சேர்த்துக் கேட்க வேண்டும். உரிமையே கேள்விக்குள்ளாகியிருக்கும்போது வெறும் தடை மட்டும் கேட்டால் வழக்கு நிற்காது.

அரசின் மீது வழக்குத் தொடுக்கும் முன் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆம் பிரிவின்படி 2 மாத அறிவிப்பு தர வேண்டும். அவசரமென்றால் நீதிமன்ற அனுமதியுடன் அதற்கு முன்பே தாக்கல் செய்யலாம். ஆனால் தனியுறு தீர்வழிச் சட்டத்தில் (Specific Relief Act) 2018-இல் செய்த திருத்தத்திற்குப் பிறகு, சாலை, பாலம் போன்ற உள்கட்டமைப்புத் திட்டங்களைத் தடுக்கும் உறுத்துக்கட்டளை (தடை உத்தரவு) கிடைப்பது அரிது என்பதையும் மனத்தில் கொள்ளுங்கள். எனவே அரசு நில அளவருடன் வழக்கறிஞர் ஆணையர் (நீதிமன்றம் நியமிக்கும் வழக்கறிஞர்) இடத்தை அளந்து அறிக்கை தர வேண்டும் என்ற மனுவைத் தொடக்கத்திலேயே போடுவது நல்லது. எத்தனை சென்ட் சாலைக்குள் போயிருக்கிறது என்பதை அந்த அறிக்கையும் வரைபடமும் காட்டும் அளவுக்கு எந்த வாய்மொழிச் சாட்சியும் காட்டாது.

வாய்மொழியாகச் சம்மதித்தீர்கள் என்ற வாதத்துக்கு அஞ்ச வேண்டாம். இமாச்சலப் பிரதேசத்தில் 1967-68-இல் சாலைக்கு நிலம் எடுக்கப்பட்டும் இழப்பீடு பெறாத ஒரு மூதாட்டியின் வழக்கில், வாய்மொழிச் சம்மதம், எதிரிடை அனுபவம் (பிறர் நிலத்தை நெடுங்காலம் வைத்திருந்ததால் தமக்கே உரிமை வந்துவிட்டது என்பது) என்ற இரு வாதங்களையும் 2020-இல் உச்ச நீதிமன்றம் நிராகரித்து இழப்பீடு வழங்க உத்தரவிட்டது. இருந்தாலும் காலதாமதத்தை விளக்கும் சுமை உங்களுடையதாகவே இருக்கும். அதனால் கொடுத்த ஒவ்வொரு மனுவுக்கும் ஒப்புகைச் சீட்டு வைத்திருங்கள்.

முறையாக நில எடுப்பு அறிவிக்கை வந்திருந்தால் பாதை வேறு. அது எந்தச் சட்டத்தின் கீழ் வந்தது என்பதை முதலில் பாருங்கள். 2013-ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டம் ஆட்சேபணைக்கு 60 நாள் தருகிறது. தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம் 21 நாள்தான் தருகிறது. பங்காளிகளுக்குள் உரிமைத் தகராறு இருந்தால், 2013 சட்டப்படி ஆட்சியர் அதை அதற்குரிய ஆணையத்துக்கு அனுப்பலாம். தகராறு தீரும்வரை பணம் அங்கே வைப்பில் இருக்கும். தொகை போதாது என்று கருதினாலும் வாங்க நேர்ந்தால், ரசீதில் கையெழுத்துக்கு மேல் “ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்” என்று உங்கள் கைப்பட எழுதுங்கள். எழுதாமல் வாங்கியவர் பிறகு கூடுதல் இழப்பீடு கேட்டு விண்ணப்பிக்கும் உரிமையை இழந்துவிடுவார்.